அரசு வேலை முடிந்தும் பில் பணம் வரவில்லையா? எம்-புக்கிலிருந்து ஜப்தி வரை ஒரு வழிகாட்டி

"ஃபண்ட் வரட்டும், முதல் பில் உங்களுடையதுதான்." அரசுக் கட்டுமான வேலை எடுத்துச் செய்கிறவர் எவரும் செயற்பொறியாளர் அலுவலகத்தில் இதைக் கேட்காமல் இருந்திருக்க முடியாது. சொல்பவர் பெரும்பாலும் பொய் சொல்வதில்லை. நிதி ஒதுக்கீடு நிஜமாகவே வந்திருக்காது. ஆனால் அவர் மாறுதலாகிப் போவார். அடுத்து வருபவர் கோப்பைப் புதிதாகப் புரட்டுவார். தணிக்கையில் ஓர் ஆட்சேபணை முளைக்கும். இதற்குள் மூன்று வருடம் ஓடியிருக்கும்.

மூன்று வருடம் கடந்துவிட்டால் வேலை செய்ததும் உண்மை, தொகையும் உண்மை என்று நீதிபதியே நம்பினாலும் வழக்கு நிற்காது. எதிர்த்தரப்பு கேட்காவிட்டாலும் காலம் கடந்த வழக்கை நீதிமன்றம் தள்ளுபடி செய்தாக வேண்டும் என்பது 1963ஆம் ஆண்டு காலவரையறைச் சட்டத்தின் 3ஆம் பிரிவு. இத்தனைக்கும் அரசு உங்கள் மேல் வழக்குப் போட அதே சட்டம் கொடுக்கும் கெடு 30 வருடம்.

பொதுப்பணித் துறை, நெடுஞ்சாலைத் துறை, ஊரக வளர்ச்சித் துறை வேலைகளில் பணம் நின்றுபோன புதிய ஒப்பந்ததாரருக்காக, தமிழ்நாட்டு நடைமுறையை வைத்து எழுதியது இது. வக்கீல் வைப்பதற்கு மாற்று அல்ல. வக்கீலிடம் போகும்போது கையில் என்ன இருக்க வேண்டும், அவர் சொல்வது ஏன் என்று புரிய வேண்டும், அதற்காக.

முதலில் தொகையைப் பிரியுங்கள்

"மொத்தம் 15 லட்சம் வரணும்" என்று ஒரே மூட்டையாகக் கட்டிக்கொண்டு போகாதீர்கள். நிற்கும் பணம் பல வகை. ஒவ்வொன்றின் பலமும் கெடுவும் வேறு.

பலமானது, அளவு பதிவாகி, சரிபார்ப்பு அளவீடும் முடிந்து, பில் பாஸாகி, நிதி இல்லாமல் மட்டும் நிற்கும் தொகை. அடுத்தது, பார்ட் பில்களில் (வேலை நடக்கும்போதே பகுதி பகுதியாகப் போடும் பில்கள்) பிடித்துவைத்த தொகையும் டெபாசிட்டும். இவை குறைபாட்டுப் பொறுப்புக் காலம் (வேலை முடிந்தபின் வரும் பழுதை நீங்களே நீக்கித் தர வேண்டிய காலம்) முடிந்த பிறகுதான் கேட்க முடியும் என்பதால் இவற்றின் கெடுவும் அப்போதுதான் தொடங்கும். மூன்றாவது, கூடுதல் வேலை. மதிப்பீட்டில் இல்லாத பாறை வெட்டு, வாய்மொழி உத்தரவில் நீட்டிய வடிகால், திருத்திய நிர்வாக அனுமதி வராமல் தொங்கும் அதிக அளவுகள் எல்லாம் இதில் அடங்கும். வழக்குகளில் பாதி நேரம் இதில்தான் போகிறது. நான்காவது, தாமதத்துக்காகப் பிடித்த அபராதம். கடைசியாக, தளம் ஒப்படைக்கத் தாமதமானதால் ஆட்களும் இயந்திரமும் சும்மா நின்ற நஷ்டம். இதை நிரூபிப்பதுதான் எல்லாவற்றிலும் கடினம். சம்பளப் பட்டியல், வாடகை ரசீது, அன்றன்றைய கடிதம் இல்லாமல் இதைச் சேர்த்தால் நல்ல தொகைகளின் மரியாதையும் கெடும்.

எம்-புக்கில் இருப்பதுதான் வேலை

தளத்தில் நிற்கும் கட்டடம் எவ்வளவு பெரிதாக இருந்தாலும் நீதிமன்றம் பார்ப்பது எம்-புக் என்கிற அளவுப் புத்தகத்தைத்தான். உதவிப் பொறியாளர் அளவெடுத்துப் பதிகிறார், உதவி செயற்பொறியாளர் சரிபார்க்கிறார், அதிலிருந்துதான் பில் பிறக்கிறது. அந்தப் புத்தகம் அலுவலகத்தில் இருக்கும். உங்களிடம் நகல் இருக்காது. ஒவ்வொரு பார்ட் பில்லின்போதும் எம்-புக் எண்ணையும் பக்க எண்களையும் உங்கள் டைரியில் குறித்து வைப்பது ஒரு நிமிட வேலை. பின்னால் நகல் கேட்கும்போது "பக்கம் 41 முதல் 58 வரை" என்று கேட்பதற்கும் "சம்பந்தப்பட்ட ஆவணங்கள்" என்று கேட்பதற்கும் உள்ள வித்தியாசம் அப்போது தெரியும்.

மூடிப்போகும் வேலையில்தான் ஏமாற்றம் அதிகம். அஸ்திவாரக் குழியின் ஆழம், கான்கிரீட்டுக்கு முன் கட்டிய கம்பி, சாலையின் அடிப்படுகை ஆகியவற்றை மூடிய பிறகு யாராலும் சுலபமாக அளக்க முடியாது. மூடுவதற்கு முன்தினமே ஒரு கடிதம் கொடுங்கள்: "நாளை காலை 10 மணிக்கு இரண்டாம் வரிசை அடித்தளத்துக்குக் கான்கிரீட் போடவுள்ளோம், கம்பி அளவுகளைப் பதிவு செய்யக் கேட்டுக்கொள்கிறோம்." அலுவலகத் தபால் பிரிவின் முத்திரையும் தேதியும் உங்கள் நகலில் விழ வேண்டும். கூடவே டேப் தெரிய, தேதி எழுதிய பலகையோடு புகைப்படம். அந்தப் படத்தை எடுத்த செல்போனைத் தொலைத்துவிடாதீர்கள். மின்னணு ஆதாரத்தைத் தாக்கல் செய்ய, 1.7.2024 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 63ஆம் பிரிவுச் சான்றிதழ் வேண்டும். எந்தக் கருவியில் எடுத்தது என்பது அதில் வரும்.

அளவு குறைத்துப் பதிந்திருந்தால் என்ன செய்வது? கையெழுத்துப் போட மறுத்தால் பில்லே நகராது, போட்டால் ஒப்புக்கொண்டதாகிவிடும். கையெழுத்தின் மேலேயே "ஆட்சேபணையுடன்" என்று எழுதிவிட்டு, அன்றைக்கே தனிக் கடிதம் கொடுப்பதுதான் வழி. கடிதத்தில் புலம்பல் வேண்டாம். "வரிசை எண் 7இல் 38 கன மீட்டர் குறைவாகப் பதிவாகியுள்ளது" என்று எண் இருந்தால் போதும்.

ஃபைனல் பில்லிலும் இதே சிக்கல்தான். "இனி எந்தக் கோரிக்கையும் இல்லை" என்று எழுதிக் கொடுத்தால்தான் மிச்சப் பணம் என்பார்கள். அப்படி எழுதிக் கொடுத்ததாலேயே நியாயமான பாக்கி செத்துவிடாது என்று ஆர்.எல். கலாத்தியா எதிர் குஜராத் அரசு வழக்கில் 2011இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. ஆனால் கட்டாயத்தில் எழுதினேன் என்பதை நீங்கள் காட்ட வேண்டும். எழுதிக் கொடுத்த வாரத்திலேயே "பில்லை விடுவிக்க நிர்ப்பந்தித்ததால் எழுதினேன், கீழ்க்கண்ட தொகைகள் பாக்கி" என்று ஒரு கடிதம் போயிருந்தால் அதுவே ஆதாரம். இரண்டு வருடம் கழித்து வழக்கில் முதல்முறையாகச் சொன்னால் எடுபடுவது கஷ்டம்.

ஆவணம் கையில் இல்லையா? தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டி மனுப் போடுங்கள். எம்-புக் பக்கங்கள், சரிபார்ப்பு அளவீடு, பில், கோப்பின் குறிப்புத் தாள்கள், காலநீட்டிப்பு உத்தரவு ஆகியவற்றின் சான்றிட்ட நகல் என்று பெயர் சொல்லிக் கேளுங்கள். பதில் தர 30 நாள். வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. குறிப்புத் தாளை விட்டுவிடாதீர்கள். "வேலை திருப்திகரமாக முடிந்தது, நிதி வந்ததும் வழங்கலாம்" என்று ஓர் அதிகாரி கோப்பில் எழுதியிருந்தால் உங்கள் வழக்கில் அதைவிடப் பெரிய சாட்சி கிடையாது.

கெடுவைக் கணக்கிடுங்கள்

பணம் தர நாள் குறிக்காத வேலைக்கு, வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று வருடம் என்பது காலவரையறைச் சட்ட அட்டவணையின் 18ஆம் இனம். ஒப்பந்தத்தில் பணம் தரும் நாள் சொல்லியிருந்தால் தொடக்கம் மாறலாம். ஃபைனல் பில் போட்ட நாளிலிருந்து எண்ணலாமே என்று வாதாடுபவர்களும் உண்டு. வாதம் நீதிமன்றத்துக்கு, உங்கள் காலண்டருக்கு எது முந்தைய தேதியோ அதுதான்.

ஒரு கணக்கைப் பாருங்கள். வேலை 12.6.2022இல் முடிந்தது. மூன்று வருடம் 12.6.2025இல் தீர்கிறது. உரிமையியல் நடைமுறைச் சட்டப்படி அரசுக்கு முன்கூட்டியே அனுப்ப வேண்டிய 80ஆம் பிரிவு நோட்டீஸின் இரண்டு மாதத்தைக் கழித்துக்கொள்ள காலவரையறைச் சட்டத்தின் 15ஆம் பிரிவு இடம் தருகிறது. ஆகவே கடைசி நாள் 12.8.2025. நோட்டீஸ் 20.5.2025இல் அலுவலகத்தில் சேர்ந்தது என்றால் 20.7.2025 வரை வழக்குப் போட முடியாது. ஆக, உங்களுக்குக் கிடைப்பது ஜூலை 21 முதல் ஆகஸ்ட் 12 வரை, வெறும் 23 நாள். நோட்டீஸே ஜூன் 20இல்தான் போனது என்றால்? மூன்று வருடம் ஏற்கெனவே முடிந்துவிட்டது. போன உயிரை நோட்டீஸ் திருப்பிக் கொண்டுவராது.

இந்தக் கெடுவைப் புதுப்பிக்கப் பெரும்பாலும் உதவுவது இதுதான்: அதே சட்டத்தின் 18ஆம் பிரிவின்படி, கெடு தீருமுன், கையெழுத்துடன் எழுத்தில் தரப்பட்ட ஒப்புதல். "தங்களது ரூ.11,30,000 பில் நிதி ஒதுக்கீடு எதிர்நோக்கி நிலுவையில் உள்ளது" என்று செயற்பொறியாளர் ஒரு வரி எழுதினால் அந்தத் தேதியிலிருந்து புதிய மூன்று வருடம். அதனால்தான் ஆறு மாதத்துக்கு ஒருமுறை நிலுவை நிலையைக் கேட்டுக் கடிதம் போட வேண்டும் என்கிறோம். நீங்கள் போடும் கடிதம் கெடுவை நீட்டாது, அவர்கள் போடும் பதில்தான் நீட்டும். நினைவூட்டல் கடிதம் நாற்பது வைத்திருந்து, பதில் ஒன்றுகூட இல்லாமல் வழக்கைத் தோற்றவர்கள் நிறையப் பேர்.

வருமான வரிப் பிடித்தம் உங்கள் கணக்கில் காட்டுகிறதா என்றும் பாருங்கள். பணம் வராமலேயே பிடித்தம் மட்டும் பதிவாகியிருந்தால், துறை அந்தத் தொகையைக் கணக்கில் ஏற்றியது என்பதற்கு அது நல்ல சான்று. அதையே கெடு நீட்டிக்கும் ஒப்புதலாக நம்பி உட்கார்ந்துவிட வேண்டாம்.

எங்கே போவது?

ஒப்பந்தத்தின் தகராறுத் தீர்வுப் பிரிவை எடுத்துப் படியுங்கள். டெண்டர் படிவத்தோடு இணைத்த பொது நிபந்தனைகளும் ஒப்பந்தத்தின் பகுதிதான், அதையும் சேர்த்து.

மத்தியஸ்தர் தீர்ப்பாயப் பிரிவு, அதாவது ஆர்பிட்ரேஷன் இருந்தால் சிவில் வழக்குப் போட்டுப் பயனில்லை. 1996ஆம் ஆண்டுச் சட்டத்தின் 8ஆம் பிரிவைக் காட்டி அங்கேயே அனுப்பிவைக்கக் கேட்பார்கள். ரயில்வே, மத்தியப் பொதுப்பணித் துறை வேலைகளில் இது சகஜம். ஆனால் 2024 ஜூனில் மத்திய நிதி அமைச்சகம் வெளியிட்ட வழிகாட்டுதல், 10 கோடிக்கு மேற்பட்ட தகராறுகளுக்கு ஆர்பிட்ரேஷனை வழக்கமாகச் சேர்க்க வேண்டாம் என்கிறது. பழைய ஒப்பந்தத்தை நினைத்துப் புதியதைக் கையாளாதீர்கள். அந்த 1996 சட்டத்தின் 21ஆம் பிரிவு நோட்டீஸ் கொடுத்து, 30 நாளில் அவர்கள் நடுவரை நியமிக்க முன்வராவிட்டால் 11ஆம் பிரிவில் உயர் நீதிமன்றம். அதே துறையின் பொறியாளரையே நடுவராக வைப்பது 2015 திருத்தத்துக்குப் பின் செல்லாது. தகராறு எழுந்த பிறகு நீங்களே எழுதிக் கொடுத்து ஒப்புக்கொண்டால் ஒழிய. நீட்டிய தாளிலெல்லாம் கையெழுத்துப் போடும் பழக்கம் இங்கே ஆபத்து.

தமிழ்நாட்டு அரசுத் துறை ஒப்பந்தங்கள் பலவற்றில் ஆர்பிட்ரேஷன் இல்லை. அப்போது சிவில் வழக்குதான். கட்டுமான ஒப்பந்தத் தகராறு 2015ஆம் ஆண்டு வணிக நீதிமன்றச் சட்டத்தின்படி வணிகத் தகராறு. 2018 திருத்தத்துக்குப் பின் 3 லட்சம் ரூபாயும் அதற்கு மேலும் என்றால் வணிக நீதிமன்றம்.

உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் ரிட் மனு பலருக்கும் முதல் ஆசை. செலவு குறைவு, வேகம் அதிகம் என்பது காரணம். தொகையில் தகராறே இல்லை, துறையே எழுத்தில் ஒப்புக்கொண்டிருக்கிறது என்றால் ரிட் நிற்கும். ஒப்பந்த விவகாரம் என்பதாலேயே ரிட் கூடாது என்றில்லை என்று ஏ.பி.எல். இன்டர்நேஷனல் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2003இல் சொன்னது. ஆனால் அளவில் தகராறு, தரத்தில் தகராறு என்று பதில் மனு வந்தவுடன் "சிவில் நீதிமன்றம் போங்கள்" என்பார்கள். இன்னொரு முடிவு, "மனுதாரரின் கோரிக்கையை இத்தனை வாரத்துக்குள் பரிசீலிக்கவும்" என்ற உத்தரவு. வாங்கியவர் ஜெயித்ததாக நினைப்பார். அதிகாரி ஒரு பக்கத்தில் நிராகரித்துப் பரிசீலனையை முடிப்பார். கெடு கரைந்துகொண்டே இருக்கும். ஆதலால் ரிட் போடுவதானால் முதல் வருடத்திலேயே போடுங்கள்.

சிறு, குறு நிறுவனச் சட்டத்தின் கவுன்சிலுக்குப் போகலாம், மூன்று மடங்கு வட்டி கிடைக்கும் என்று சொல்வார்கள். ஒர்க்ஸ் கான்ட்ராக்ட், அதாவது கட்டுமான ஒப்பந்த வேலை, அந்தச் சட்டத்துக்குள் வராது என்று உயர் நீதிமன்றங்கள் சில தீர்ப்பளித்திருப்பதால், அதை மட்டும் நம்பிக் கெடுவைத் தவறவிடாதீர்கள்.

80ஆம் பிரிவு நோட்டீஸ்

அரசுக்கு எதிரான வழக்குக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 80ஆம் பிரிவில் இரண்டு மாத நோட்டீஸ் கட்டாயம். மாநில அரசு என்றால் துறைச் செயலாளரிடமோ மாவட்ட ஆட்சியரிடமோ சேர்க்க வேண்டும். ரயில்வே என்றால் பொது மேலாளரிடம். செயற்பொறியாளருக்கு மட்டும் அனுப்பிவிட்டு நோட்டீஸ் கொடுத்ததாக நினைப்பது மிகச் சாதாரணமான தவறு. அவருக்கும் கண்காணிப்புப் பொறியாளருக்கும் நகல் போகட்டும்.

நோட்டீஸில் உங்கள் பெயர், விவரம், முகவரி, வழக்குக்கான காரணம், கேட்கும் பரிகாரம் இவை கட்டாயம். பணி ஆணை எண், ஒப்பந்த எண், வேலை முடிந்த நாள், எம்-புக் எண், தொகைவாரிப் பட்டியல் எல்லாவற்றையும் சேருங்கள். முக்கியமாக, வட்டி கேட்கிறேன் என்று விகிதத்துடன் எழுதுங்கள். ஒப்பந்தத்தில் வட்டி பற்றிப் பேச்சில்லாவிட்டால், 1978ஆம் ஆண்டு வட்டிச் சட்டத்தின் 3ஆம் பிரிவுப்படி எழுத்தில் வட்டி கேட்ட நோட்டீஸ் தேதியிலிருந்துதான் வழக்குக்கு முந்தைய வட்டியைக் கோர முடியும். நோட்டீஸில் கேட்காதவர் அந்த மாதங்களை இழக்கிறார். தாமதத்துக்கு வட்டி கிடையாது என்று ஒப்பந்தமே சொல்கிறதா என்பதையும் பார்த்துக்கொள்ளுங்கள்.

இரண்டு மாதம் எண்ணப்படுவது அனுப்பிய நாளிலிருந்து அல்ல, சேர்ந்த நாளிலிருந்து. நேரில் கொடுத்துத் தபால் பிரிவு முத்திரை வாங்குவது நிம்மதி. இல்லையென்றால் ஸ்பீடு போஸ்ட் சேர்ந்ததற்கான பதிவை அன்றே அச்செடுத்து வையுங்கள், இணையத்தில் அது வெகுநாள் இருக்காது.

வீட்டுவசதி வாரியம், மின் நிறுவனம் போன்றவை அரசு அல்ல, தனி அமைப்புகள். 80ஆம் பிரிவு அவற்றுக்குப் பொருந்தாது. ஆனால் மாநகராட்சி, நகராட்சி, ஊராட்சி ஒன்றியம், வாரியங்கள் இவற்றின் சொந்தச் சட்டங்களில் தனி நோட்டீஸும் குறுகிய கெடுவும் இருக்கக்கூடும். வக்கீலிடம் முதல் நாளே கேட்க வேண்டிய கேள்வி அது.

வழக்குக்கு முன் சமரசம்

அவசர இடைக்கால உத்தரவு கேட்காத வணிக வழக்கில் வணிக நீதிமன்றச் சட்டத்தின் 12-ஏ பிரிவின்படி முன்கூட்டிய சமரச முயற்சி கட்டாயம். 20.8.2022க்குப் பிறகு இதைத் தாண்டிப் போட்ட பிராது (வழக்கு மனு) நிராகரிக்கப்படும். உச்ச நீதிமன்றத்தின் பாட்டீல் ஆட்டோமேஷன் வழக்கின் விளைவு அது. மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் படிவம் 1, கட்டணம் 1,000 ரூபாய். அரசுத் தரப்பு வராமலே போகலாம்; அப்போது "தொடங்கவில்லை" என்ற அறிக்கை தருவார்கள். அதுவே பிராதுக்கு வேண்டிய சீட்டு. யாராவது வந்து உட்கார்ந்தால் அலட்சியம் செய்யாதீர்கள், பிடித்தத் தொகையாவது அங்கே தீரலாம். சமரசத்தில் போன நாள்களும் கெடுவிலிருந்து கழியும். ஆனால் நோட்டீஸின் இரண்டு மாதத்துக்குள்ளேயே சமரசமும் நடந்திருந்தால் அதே நாள்களை இரண்டு தடவை கழிக்க முடியாது.

பிராது: யார், யார் மேல், எவ்வளவு

வாதியின் பெயரில் தடுக்கி விழுபவர்கள் உண்டு. தனியுரிமை நிறுவனம் என்றால் உரிமையாளர் தம் பெயரில் போட வேண்டும். கூட்டு நிறுவனம் என்றால் பதிவு செய்திருக்க வேண்டும். பதிவில்லாத கூட்டு நிறுவனம் ஒப்பந்தத்தின் பேரில் வழக்காட முடியாது என்பது கூட்டாண்மைச் சட்டம் 69ஆம் பிரிவு. பிரதிவாதி "தமிழ்நாடு அரசு, அதன் செயலாளர் வழியாக" என்று இருக்க வேண்டும். துறைக்கென்று தனிச் சட்ட உருவம் கிடையாது. செயற்பொறியாளரை மட்டும் சேர்த்துப் போட்ட வழக்கு ஆளில்லாத வீட்டுக் கதவைத் தட்டியது போலத்தான்.

தொகையை இப்படிக் கட்டுங்கள் (எண்கள் விளக்கத்துக்கு):

எம்-புக்படி மொத்த வேலை மதிப்பு ரூ.62,40,000
பார்ட் பில்களில் கணக்கிட்டது ரூ.51,10,000
பாக்கி ரூ.11,30,000
பார்ட் பில்களில் 5% பிடித்துவைத்தது ரூ.2,55,500
கூடுதல் பாறை வெட்டு, 420 கன மீட்டர், ரூ.350 வீதம் ரூ.1,47,000
அசல் ரூ.15,32,500

நோட்டீஸ் கொடுத்து இரண்டு வருடம் கழித்து வழக்குப் போவதாகக் கொண்டால், 12% தனி வட்டி ரூ.3,67,800. மொத்தம் ரூ.19,00,300. தமிழ்நாட்டில் 2017 முதல் பணவழக்குக்கு நீதிமன்றக் கட்டணம் 3%, ஆக ரூ.57,009. (அதற்கு முன் 7.5% இருந்தது, அதை நினைத்து இன்னும் பயப்படுபவர்கள் இருக்கிறார்கள்.) ஜி.எஸ்.டி.யைத் தனி வரியாகக் காட்டுங்கள். அரசுக்கான கட்டுமான ஒப்பந்த வேலைகளுக்குப் பொதுவாக இருந்த 12% விகிதம் 18.7.2022 முதல் 18% ஆனது. அந்தத் தேதியைத் தாண்டி ஓடிய வேலையில் எந்த பில்லுக்கு எது என்று பிரிக்காவிட்டால் எதிர்த்தரப்பு அந்த ஓட்டையில்தான் கை வைக்கும்.

வழக்குப் போடும் நாளில் கேட்கத் தகுதியான எல்லாத் தொகையையும் ஒரே பிராதில் கேளுங்கள். ஒன்றை விட்டுவிட்டுப் பிறகு தனியாகப் போட முயன்றால் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 2, விதி 2 குறுக்கே நிற்கும்.

கூடுதல் வேலைக்கும், ஒப்பந்தம் கையெழுத்தாகுமுன் வெள்ள நேரத்தில் அவசரமாகச் செய்த வேலைக்கும் ஒரு மாற்றுக் கோரிக்கை சேர்க்க வேண்டும். அரசியலமைப்பின் 299ஆம் பிரிவுப்படி ஆளுநர் பெயரில் முறையான ஒப்பந்தம் இல்லையென்று அரசு சொன்னாலும், இலவசமாகச் செய்யும் எண்ணமில்லாமல் செய்த வேலையின் பயனை அனுபவித்தவர் ஈடு தர வேண்டும் என்பது 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 70ஆம் பிரிவு. மேற்கு வங்க அரசு எதிர் பி.கே. மண்டல் வழக்கில் 1961இல் உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. "ஒப்பந்தப்படி இல்லையென்றால் 70ஆம் பிரிவின்படி" என்று பிராதிலேயே எழுதியிருக்க வேண்டும். விசாரணையில் வாயால் சொன்னால் போதாது.

வணிக நீதிமன்றத்தில் ஆவணம் எல்லாம் பிராதுடனே போக வேண்டும். பிறகு கொண்டுவர அனுமதி கேட்டுக் காரணம் காட்ட வேண்டும். உண்மை உறுதிமொழியும் இணைக்க வேண்டும். வேலை இடிபடும் நிலையிலோ, மேலே வேறு ஒப்பந்ததாரர் தார் போடும் நிலையிலோ இருந்தால், பொறியாளர் உதவியுடன் அளந்து அறிக்கை தர அட்வகேட் கமிஷனரை நியமிக்கும்படி உடனே மனுப் போடுங்கள்.

அரசு என்ன சொல்லும்?

பதிலுரைக்கு 30 நாள். நீட்டித்தாலும் சம்மன் சேர்ந்த நாளிலிருந்து 120 நாள். வணிக வழக்கில் அதற்குமேல் நீதிமன்றத்தாலும் அனுமதிக்க முடியாது. அரசு வக்கீல் வாய்தா வாங்கிக்கொண்டே போகும்போது சம்மன் சேர்ந்த தேதியை நீங்கள்தான் எண்ணிக்கொண்டிருக்க வேண்டும். துறையே ஒப்புக்கொண்ட பில் என்றால், எழுவினாக்கள் (வழக்கில் முடிவு செய்ய வேண்டிய கேள்விகள்) வனையுமுன் கட்டளை 13-ஏ வழியே முழு விசாரணையின்றித் தீர்ப்புக் கேட்கலாம். இதைப் பலரும் மறந்துவிடுகிறார்கள்.

பதிலுரையில் வருபவை பெரும்பாலும் தெரிந்த முகங்கள்தான். நிதி இல்லை என்பது முதலாவது. செய்த வேலைக்குக் கடன்பட்டவன் பெட்டி காலி என்று சொல்வது பதிலாகாது. ஆனால் "நிதி இருப்பைப் பொறுத்தே பணம்" என்ற நிபந்தனை உங்கள் டெண்டரில் இருந்தால் வாதத்தைத் தயார் செய்துகொள்ளுங்கள். தாமத அபராதம் இரண்டாவது. காலநீட்டிப்பு உத்தரவில் "அபராதமின்றி" என்று இருந்தால் அதோடு முடிந்தது. இல்லாவிட்டால் ஒப்பந்தச் சட்டம் 55ஆம் பிரிவு உதவும்: தாமதமான வேலையை ஏற்கும்போதே இழப்பீடு கேட்போம் என்று அறிவிக்காதவர் பின்னால் கேட்க முடியாது. மூன்றாவது, கூடுதல் வேலைக்கு உத்தரவு போட அந்த அதிகாரிக்கு அதிகாரமில்லை என்பது. வேலை நடந்ததும் துறை அதைப் பயன்படுத்துவதும் எம்-புக்கில் இருந்தால் 70ஆம் பிரிவு இங்கேதான் கைகொடுக்கும்.

சாட்சிக் கூண்டில் அரசுத் தரப்பில் ஏறுபவர் அநேகமாக அப்போது பொறுப்பிலிருக்கும் செயற்பொறியாளர். உங்கள் வேலை நடந்தபோது வேறு மாவட்டத்தில் இருந்தவர். குறுக்கு விசாரணை நீள வேண்டியதில்லை. வேலை நடந்தபோது தளத்தைப் பார்த்தாரா? எம்-புக் அலுவலகத்தில் வழக்கமாகப் பராமரிக்கும் பதிவேடா? கட்டடம் இன்று பயன்பாட்டில் இருக்கிறதா? குறைபாட்டுக் காலத்தில் பழுது நீக்கச் சொல்லி நோட்டீஸ் கொடுத்தார்களா? நான்குக்கும் விடை கோப்பிலேயே இருக்கும்.

தீர்ப்புக்குப் பின்

தீர்ப்பு வந்த அன்றே சான்றிட்ட நகலுக்கு மனுவும் மேல்நீதிமன்றத்தில் கேவியட்டும் (எங்களைக் கேட்காமல் உத்தரவு போட வேண்டாம் என்ற மனு) போடுங்கள். கேவியட் 90 நாளுக்குச் செல்லும். வணிக வழக்கில் மேல்முறையீட்டுக் கெடு 60 நாள். மேல்முறையீடு போட்டதாலேயே தீர்ப்பு நிற்காது, தடை உத்தரவு தனியாக வாங்க வேண்டும். தடை கேட்கும்போது தொகையைக் கட்டச் சொல்லி நிபந்தனை விதிக்கும்படி அழுத்திக் கேளுங்கள்.

அரசுக்கு எதிரான தீர்ப்பாணையை உடனே நிறைவேற்ற முடியாது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 82ஆம் பிரிவுப்படி தீர்ப்பாணை தேதியிலிருந்து மூன்று மாதம் பணம் வராமல் இருந்தால்தான் நிறைவேற்றுதல் மனு. மொத்தக் கெடு 12 வருடம். மனுவில் ஜப்திக்கு உரிய சொத்தைப் பட்டியலிட வேண்டும். அலுவலக ஜீப்பின் பதிவெண், கணினி, மேசை நாற்காலி என்று எழுதுவது நம் ஊர் வழக்கம். ஜீப்பை ஜப்தி செய்ய அமீனா வந்து நிற்கும் படம் செய்தித்தாளில் வருவதும் அதனால்தான். ஜீப்பை ஏலம் விட்டு யாருக்கும் கடன் தீர்ந்ததில்லை. ஆனால் கோப்பு மேசைவிட்டு மேசை நகர்வது அந்த நாளில்தான்.

பணம் நீதிமன்றத்தில் கட்டப்பட்டால் கட்டிய தொகையை மட்டும் பார்த்து எடுத்துக்கொண்டு வராதீர்கள். அரசு கட்டியது பல தடவை அசலுக்குச் சரியாக இருக்கும், கட்டிய நாள்வரையான வட்டிக்கு இருக்காது. தீர்ப்பாணை வேறு விதமாகச் சொல்லாதவரை, குறைவாகக் கட்டிய தொகை முதலில் வட்டிக்கும் செலவுக்கும் போய், மிச்சம்தான் அசலில் கழியும். அதோடு, கட்டியதாக உங்களுக்கு முறையான அறிவிப்பு வந்த நாளில்தான் அந்தத் தொகைமேல் வட்டி நிற்கும். தேதிவாரியாக ஒரு கணக்கு மெமோ எழுதி, வரிப் பிடித்தம் செய்திருந்தால் அதற்கான சான்றிதழையும் கேட்டு, பாக்கி இவ்வளவு என்று பதிவு செய்த பிறகு, பணத்தை எடுப்பதற்கான செக் மனுவில் கையெழுத்துப் போடுங்கள்.